பார்க்கத்தான் பணம் கொடுத்தார்கள்

காளஹஸ்தியில் கலம்காரி ஓவியத்துக்கான துணியைக் கடுக்காயிலும் பாலிலும் ஊறவைத்துக் காயப்போடுகிறார்கள். வெல்லமும் துருப்பிடித்த இரும்பும் நாள்கணக்கில் ஊறித் தரும் கறுப்பில் மூங்கில் எழுதுகோலைத் தோய்த்துக் கையால் கோடு இழுக்கிறார்கள். அந்தக் கோட்டை அப்படியே இயந்திரத்தில் அச்சடித்து ‘கலம்காரி’ என்றே விற்கிறார்கள், புவிசார் குறியீடு இருந்தும். காணொளியைத் திருட இயந்திரம்கூட வேண்டாம். ஒரு டெலிகிராம் சேனல் போதும்.

ஆசிரியை நீத்து சிங்குக்கு அதுதான் நடந்தது. போட்டித் தேர்வு மாணவர்களுக்கு அவர் கட்டணத்துக்கு நடத்திய வகுப்புகள் அனுமதியின்றிப் பரவின. ஒரு சேனலை முடக்கினால் இன்னொன்று முளைத்தது. நடத்துகிறவர்கள் யார் என்று கேட்டால், சர்வர் சிங்கப்பூரில் இருக்கிறது, அந்த நாட்டு அந்தரங்கச் சட்டம் இடம் தராது என்றது டெலிகிராம். எடுத்தவருக்கு இருக்கும் அந்தரங்கம் பறிகொடுத்தவருக்கு இல்லையா? 2022 ஆகஸ்ட் 30 அன்று டெல்லி உயர் நீதிமன்றம் அந்த வாதத்தைத் தள்ளி, தொலைபேசி எண், ஐபி முகவரி எல்லாவற்றையும் மூடிய உறையில் தரச் சொன்னது. நிறுவனமும் தந்தது.

பாடம் பறிபோனால் வருமானம் போகும். சந்தாதாரர்களுக்கென ஒரு பெண் பகிர்ந்த அந்தரங்கப் படம் வெளியே போனால், “காசுக்குக் காட்டினவதானே” என்று ஊர் அவள் மீதே பாய்கிறது. இந்தப் பேச்சு அநியாயம். பார்க்கக் கொடுத்த காசு பரப்புவதற்கான உரிமை ஆகாது. படமெடுக்கச் சம்மதித்தவள் பிறருக்குப் பரப்பச் சம்மதிக்காவிட்டால், பரப்புவது குற்றம் என்று 2013-லேயே இந்தியத் தண்டனைச் சட்டத்தில் சேர்த்துவிட்டார்கள். இன்று அது பாரதிய நியாய சன்ஹிதாவின் 77-ஆம் பிரிவு. முதல் முறையே ஓராண்டு முதல் மூன்றாண்டு வரை சிறை. ஆனாலும் புகார் கொடுக்கப் போனால் பாலியல் காட்சிகளை மின்வழியில் வெளியிடுவதைக் குற்றமாக்கும் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67ஏ பிரிவு தங்கள் மேலேயே திரும்புமோ என்று பயந்து பெண்கள் வாய் திறக்காமல் இருந்துவிடுகிறார்கள்.

காவல் நிலையத்தை நினைத்தும் பயம்தான். 2025-இல் சென்னை உயர் நீதிமன்றத்துக்கு வந்த ஒரு பெண் வழக்கறிஞரின் காணொளி, அவருக்குத் தெரியாமல் முன்னாள் காதலன் எடுத்தது. காவல்துறையினர் அவரை ஆண் காவலர்களோடு சேர்ந்து அதைப் பார்க்கவைத்தார்கள். முதல் தகவல் அறிக்கையில் அவர் பெயரையும் எழுதினார்கள். நீதிபதி என். ஆனந்த் வெங்கடேஷ் இரண்டையும் கடுமையாகக் கண்டித்து, 48 மணி நேரத்துக்குள் காணொளியை நீக்க உத்தரவிட்டார். நீக்கிய பிறகும் வேறு தளங்களில் அது தலைகாட்டியது. அந்த வழக்கை ஒட்டி, புகார் வந்த 24 மணி நேரத்துக்குள் நீக்குவதற்கான நடைமுறையை மத்திய அரசு அந்த நவம்பரில் வெளியிட்டது. காவல் நிலையத்தில் இப்படியொரு புகாரை எழுதி வாங்குகிறவர் அந்த நடைமுறையைப் படித்திருக்க வேண்டும்.