அளந்து சொல்லட்டும்!

மூன்று ஆண்டுகளுக்கு முன்பு எனது காரை ஆண்டுப் பராமரிப்புக்காக விட்டிருந்தேன். நண்பகலில் தொலைபேசி அழைப்பு வந்தது. ""ஐயா, பின்சக்கரங்களின் பிரேக் டிஸ்க் இரண்டும் தேய்ந்துவிட்டன. பேடுகளுடன் சேர்த்து மாற்றிவிடலாமா?'' என்று கேட்டார் அங்கு பணிபுரியும் இளைஞர். எத்தனை மில்லிமீட்டர் மீதமிருக்கிறது என்று கேட்டேன். மறுமுனையில் சற்றுநேரம் அமைதி. பிறகு, ""நன்றாகவே தேய்ந்திருக்கிறது ஐயா'' என்ற பதில் வந்தது. அளக்கவில்லை, பார்த்துச் சொன்னதுதான் என்பது புரிந்தது.

மாற்ற வேண்டாம் என்று கூறி வண்டியை எடுத்துவந்து, எங்கள் குடியிருப்புக்கு அருகே சிறு பட்டறை வைத்திருக்கும் மெக்கானிக் ஒருவரிடம் காட்டினேன். அவர் சக்கரத்தைக் கழற்றி, மைக்ரோமீட்டரை எடுத்து, டிஸ்க்கின் சுற்றில் ஆறு இடங்களில் அளந்தார். 9.2 மில்லிமீட்டர் இருந்தது. புதிதாக இருந்தபோது அதன் தடிமன் 10. பயன்படுத்தத் தக்க குறைந்தபட்சத் தடிமன் 8. ""இப்போது மாற்றத் தேவையில்லை சார். ஆனால் ஒவ்வோர் ஆண்டும் அளந்து பாருங்கள்'' என்றார்.

கதை அத்துடன் முடிந்திருந்தால், தேவையற்ற செலவிலிருந்து தப்பிய ஒருவரின் தற்பெருமையாக மட்டுமே இது இருந்திருக்கும். கடந்த ஆண்டு நடந்தது வேறு. வழக்கமான பராமரிப்பு முடிந்து கொடுக்கப்பட்ட பட்டியலில் பிரேக் என்பதற்கு எதிரே "சரி' என்று குறியிடப்பட்டிருந்தது. ஒரு மாதம் கழித்துப் பேரக் குழந்தைகளுடன் ஏற்காடு செல்லத் திட்டமிட்டோம். சில நாள்களாகப் பின்புறமிருந்து மெல்லிய உரசல் ஒலி கேட்டது. மழைக்காலத் துருவாக இருக்கும் என்று நானே சமாதானம் செய்துகொண்டேன். மலைப்பாதை என்பதால் மனம் கேட்காமல், புறப்படுவதற்கு முதல் நாள் அதே மெக்கானிக்கிடம் சென்றேன்.

இடது பின்சக்கரத்தைக் கழற்றியதும், டிஸ்க்கின் வெளிப்பக்கம் பளபளப்பாகவே இருந்தது. ஆனால், உட்பக்கத்தில் பேடு முற்றிலும் தேய்ந்து, அதைத் தாங்கும் இரும்புத் தகடு நேரடியாக டிஸ்க்கை அறுத்துக்கொண்டிருந்தது. தடிமன் 7.6 மில்லிமீட்டர். கேலிப்பர் நகர்வதற்கு உதவும் ஊசிகள் துருவேறி இறுகிப்போனதால், உட்பக்கப் பேடு மட்டுமே அழுத்தத்தைத் தாங்கி வந்திருக்கிறது. முதல்முறை தேவையில்லாதபோது மாற்றச் சொன்னார்கள். இரண்டாம் முறை கட்டாயம் மாற்ற வேண்டியிருந்தபோது எவரும் சொல்லவில்லை. இரண்டு தவறுகளுக்கும் காரணம் ஒன்றுதான்: எவரும் அளக்கவில்லை.

நாற்பதாண்டுக் காலம் பொருளாதாரம் கற்பித்தவன் என்ற முறையில், இந்த நிகழ்வில் எனக்கு வியப்பேதும் இல்லை. விற்பவருக்குத் தெரிந்தது வாங்குபவருக்குத் தெரியாதபோது சந்தை எப்படித் தடுமாறுகிறது என்பதை, பயன்படுத்திய கார்களின் விற்பனையை எடுத்துக்காட்டாகக் கொண்டு 1970-இல் விளக்கினார் ஜார்ஜ் அகெர்லாஃப். இத்துறை ஆய்வுக்காக அவரும் மைக்கேல் ஸ்பென்ஸும் ஜோசப் ஸ்டிக்லிட்ஸும் 2001-இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டனர்.

பழுதுநீக்கத்தில் இச்சிக்கல் இன்னும் ஆழமானது. மாம்பழத்தைத் தின்று பார்த்தால் இனிப்பா, புளிப்பா என்று தெரிந்துவிடும். ஆனால், பிரேக் டிஸ்க்கை மாற்றிய பிறகும் அது தேவைப்பட்டதா என்பது வாடிக்கையாளருக்குத் தெரியப்போவதில்லை. வண்டி முன்பும் நின்றது, இப்போதும் நிற்கிறது. இத்தகையவற்றை "நம்பிக்கைப் பண்டங்கள்' என்று 1973-இல் வகைப்படுத்தினர் மைக்கேல் டார்பி, எடி கார்னி ஆகிய பொருளியலாளர்கள். நோயைக் கண்டறிபவரே மருந்தையும் விற்பவராக இருக்கும்போது, தேவைக்கு மிஞ்சிய சிகிச்சை, தேவைக்குக் குறைந்த சிகிச்சை, செய்யாததற்குக் கட்டணம் என மூன்று பிழைகளுக்கு இடமுண்டு என்கிறது இத்துறை ஆய்வு. மருத்துவரையும் மெக்கானிக்கையும் பொருளியல் ஒரே வரிசையில் வைத்து ஆராய்வதற்குக் காரணம் இதுவே.

ஆனால், பிரேக் டிஸ்க் விஷயத்தில் நமக்கு ஒரு வாய்ப்பு இருக்கிறது. மனித உடலைப்போல இது மர்மமானது அல்ல. எந்த அளவுக்குக் கீழே போனால் மாற்ற வேண்டும் என்பதைத் தயாரிப்பாளரே பெரும்பாலும் டிஸ்க்கின் ஓரத்திலோ நடுப்பகுதியிலோ எண்ணாகப் பொறித்துவிடுகிறார். அதைப் படிப்பதற்கு முனைவர் பட்டம் தேவையில்லை.

பிரேக் என்பது அடிப்படையில் வேகத்தை வெப்பமாக மாற்றும் கருவி. சக்கரத்தோடு சுழலும் வார்ப்பிரும்புத் தட்டை இருபுறமிருந்தும் பேடுகள் கவ்விப் பிடிக்கின்றன. 1,200 கிலோ எடையுள்ள கார், மணிக்கு 80 கி.மீ. வேகத்திலிருந்து நிற்கும்போது வெளியாகும் ஆற்றல் ஏறத்தாழ 3 லட்சம் ஜூல். நம் ஊர் வெப்பநிலையில் உள்ள ஒரு லிட்டர் தண்ணீரைக் கொதிக்கவைக்க அது போதும். அடுப்பில் சில நிமிடங்கள் ஆகும் அந்த வேலையைப் பிரேக்குகள் சில விநாடிகளில் செய்கின்றன. வேகம் இரட்டித்தால் ஆற்றல் நான்கு மடங்காகும் என்பதையும் நினைவில் கொள்ள வேண்டும்.

இந்த வெப்பத்தை முதலில் உள்வாங்குவது டிஸ்க்கின் இரும்புதான். தட்டு மெலிந்தால் இரும்பின் அளவு குறைகிறது. அதே வெப்பத்துக்கு அது கூடுதலாகச் சூடேறுகிறது. பேடுகளின் பிடிமானம் தளர்கிறது. பிரேக் திரவம் கொதித்து ஆவிக்குமிழ்கள் உண்டானால் மிதிகட்டை பஞ்சுபோல் உள்ளே செல்கிறது. சமதளத்தில் நன்றாகவே நிற்கும் கார், 70 கொண்டை ஊசி வளைவுகள் கொண்ட கொல்லிமலைப் பாதையில் இறங்கும்போது கைவிட்டுவிடக்கூடும். "வண்டி நிற்கிறதே' என்பது பிரேக் நலமாக உள்ளது என்பதற்குச் சான்றாகாது.

பின்சக்கர டிஸ்க்குகளுக்கென்று சில தனித்தன்மைகள் உண்டு. பிரேக் பிடிக்கும்போது எடை முன்னோக்கிச் சாய்வதால், பெரும்பங்கு வேலையை முன்சக்கரங்களே செய்கின்றன. அதனால்தான் நம் நாட்டின் சிறிய கார்கள் பலவற்றில் பின்புறம் இன்றும் டிரம் பிரேக்கே உள்ளது. பின்புற டிஸ்க் உள்ள கார்களில், குறைந்த வேலையே அதற்கு எதிரியாகிவிடுகிறது. அடிக்கடி ஓடாமல் நிற்கும் கார்களிலும், கடற்காற்று வீசும் ஊர்களிலும் பேடு உரசித் துடைக்காத பகுதியில் துரு படிந்து, உட்பக்கத்தை அரிக்கிறது. ஓய்வுபெற்றவர்களின் கார்கள் பெரும்பாலும் இவ்வகைதான். என் காரும் அப்படியே.

இனி, சோதிக்கும் முறையைப் பார்ப்போம். சக்கரத்தைக் கழற்றிய பிறகு டிஸ்க்கின் இரு பக்கங்களையும் பார்க்க வேண்டும். உட்பக்கத்தைப் பார்க்காத சோதனை பாதிச் சோதனையே. ஆழமான கீறல்கள், வெப்பத்தால் நீலம் பாரித்த திட்டுகள், விரிசல்கள் ஆகியவை எச்சரிக்கைகள். விரிசல் தெரிந்தால் அளவு பார்க்கவே வேண்டியதில்லை, மாற்றிவிட வேண்டும். மிதிகட்டையில் துடிப்பு உணரப்பட்டால், தட்டின் தடிமன் சுற்றிலும் ஒரே சீராக இல்லை என்று பொருள்.

அளப்பதில் ஒரு நுட்பம் உண்டு. பேடு படாத வெளி விளிம்பு தேயாமல் வரப்புபோல் உயர்ந்து நிற்கும். சாதாரண வெர்னியர் அளவியின் தாடைகள் அந்த வரப்பின்மீது அமர்ந்தால், மெலிந்த தட்டும் தடித்ததாகவே தெரியும். ஆகவே, விளிம்பிலிருந்து சுமார் ஒரு சென்டிமீட்டர் உள்ளே, மைக்ரோமீட்டரால் ஆறு முதல் எட்டு இடங்களில் அளந்து, அவற்றில் மிகக் குறைந்த அளவையே கணக்கில் கொள்ள வேண்டும். குறைந்தபட்ச அளவு வண்டிக்கு வண்டி மாறும். என் காரின் எண்ணை உங்கள் காருக்குப் பொருத்தக் கூடாது. பேடுகளைப் பொருத்தவரை, இரும்புத் தகடு நீங்கலாக 3 மில்லிமீட்டர் அளவுக்குக் குறைந்துவிட்டால் மாற்றத்துக்கு ஆயத்தமாவது நல்லது.

மாற்றுவதென்று முடிவானால் ஒரே அச்சின் இருபுறமும் சேர்த்தே மாற்ற வேண்டும். ஒருபுறம் புதிது, மறுபுறம் பழையது என்றிருந்தால் பிடிமானம் சமமாக இராது. எனது காரில் வலப்பக்கத் தட்டில் 8.9 மில்லிமீட்டர் இருந்தும் இரண்டையும் மாற்றினோம். புதிய டிஸ்க்கில் பழைய பேடுகளைப் பொருத்துவதும் சிக்கனம் அல்ல; பழைய பேடின் மேடுபள்ளம் புதிய தட்டைக் கெடுத்துவிடும். சில இடங்களில் லேத்தில் கடைந்து தருவதாகக் கூறுவார்கள். கடைந்த பிறகும் குறைந்தபட்ச அளவுக்கு மேல் போதிய தடிமன் இருந்தால் மட்டுமே அதை ஏற்கலாம்.

பின்சக்கரப் பணியில் அனுபவமற்றவர்கள் வழக்கமாக இடறும் இடம் ஹேண்ட் பிரேக். பல கார்களில் அது பின்புற கேலிப்பருக்குள்ளேயே இணைந்திருக்கும். அதன் பிஸ்டனை முன்சக்கரத்தில் செய்வதுபோல் அழுத்தி உள்ளே தள்ள முடியாது. அதற்குரிய கருவியால் திருகிக்கொண்டே அழுத்த வேண்டும். வலிந்து தள்ளினால் கேலிப்பரே பாழாகும். மின்விசையால் இயங்கும் ஹேண்ட் பிரேக் என்றால், தயாரிப்பாளர் கூறும் முறையில் அதைப் பராமரிப்பு நிலைக்குக் கொண்டுவந்த பின்னரே கைவைக்க வேண்டும்.

மற்றவை பொறுமை சார்ந்தவை. ஹேண்ட் பிரேக்கை விடுவித்துச் செய்யும் வேலை என்பதால் முன்சக்கரங்களுக்குக் கட்டை கொடுக்க வேண்டும். ஜாக்கியை மட்டும் நம்பாமல் தாங்கிகளில் வண்டியை நிறுத்த வேண்டும். கழற்றிய கேலிப்பரைப் பிரேக் குழாயில் தொங்கவிடக் கூடாது. தட்டு அமரும் ஹப் பகுதியில் துருவைச் சுரண்டி எடுக்காவிட்டால், புதிய தட்டும் முதல் நாளிலிருந்தே தள்ளாடும். இறுகிய ஊசிகளைச் சுத்தம் செய்து உரிய கிரீஸ் இடாவிட்டால், என் காருக்கு நேர்ந்ததே மறுபடியும் நேரும். புதிய தட்டின்மீது பூசப்பட்டுள்ள பாதுகாப்பு எண்ணெயைத் துடைத்தெடுக்க வேண்டும். பிரேக் தூசியைக் காற்றடித்து ஊதாமல் ஈரத்துணியால் துடைப்பதே நுரையீரலுக்கு நல்லது.

வேலை முடிந்ததும், வண்டியை நகர்த்தும் முன் மிதிகட்டை உறுதியாகும்வரை பலமுறை மிதிக்க வேண்டும். இதை மறந்தால் முதல் மிதியில் பிரேக் பிடிக்காது. முதல் 200 - 300 கி.மீ. தொலைவுக்கு, அவசரமின்றி மிதமாகப் பிரேக் பிடித்து ஓட்டினால் பேடும் தட்டும் ஒன்றோடொன்று இணங்கும். இப்பணியை எல்லோரும் வீட்டு வாசலில் செய்ய வேண்டும் என்பதல்ல என் கருத்து. என்ன செய்யப்பட வேண்டும் என்று தெரிந்த வாடிக்கையாளரிடம், அரைகுறையாகச் செய்யும் துணிவு எவருக்கும் எளிதில் வராது.

தனிமனித விழிப்புணர்வு மட்டும் போதுமா என்றால், போதாது. நம் நாட்டில் சொந்தப் பயன்பாட்டுக் கார்களின் பதிவு 15 ஆண்டுகளுக்குச் செல்லும். அதைப் புதுப்பிக்கும்போதுதான் தகுதிச் சோதனை கட்டாயமாகிறது. பிரிட்டனில் மூன்று ஆண்டுகள் நிறைவடைந்த கார்களுக்கு ஆண்டுதோறும் சோதனை உண்டு. ஜெர்மனியில் மூன்றாம் ஆண்டில் முதல் சோதனை, பிறகு இரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை. அங்கே பிரேக்கைச் சோதிப்பவருக்குப் பிரேக்கின் உண்மை நிலை எண்களாகக் கிடைக்கிறது. நம் நாட்டிலும் தானியங்கிச் சோதனை நிலையங்களுக்கு 2019-ஆம் ஆண்டின் மோட்டார் வாகனத் திருத்தச் சட்டம் வழிவகுத்துள்ளது. சொந்தக் கார்களுக்கும் ஏழெட்டு ஆண்டுகளில் ஒருமுறையேனும் பிரேக் சோதனையைக் கட்டாயமாக்குவது குறித்து அரசு சிந்திக்க வேண்டும்.

அதுவரை காத்திருக்காமல், செலவின்றிச் செய்யக்கூடிய சீர்திருத்தம் ஒன்று உள்ளது. பராமரிப்பு முடிந்து தரப்படும் ரசீதில் "சரி', "தேய்ந்துள்ளது' என்ற சொற்களுக்குப் பதிலாக, நான்கு சக்கரங்களிலும் அளந்த தடிமனும், அதற்கு அருகிலேயே குறைந்தபட்ச அளவும் எழுதப்பட வேண்டும் என்று விதி வகுக்கலாம். சக்கரம் எப்படியும் கழற்றப்படுகிறது. அளக்க ஆகும் நேரம் சில நிமிடங்களே. எழுதப்பட்ட எண், பொய்யுரைப்பவருக்குத் தடை. நேர்மையாகத் தொழில் செய்பவருக்கோ அதுவே நற்சான்று. நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ் சேவைக் குறைபாட்டைச் சுட்டிக்காட்டவும் அது ஆவணமாகும். வாடிக்கையாளர்களும் மாற்றப்பட்ட பழைய பாகங்களைக் கேட்டு வாங்கிப் பார்ப்பதை வழக்கமாக்கிக்கொள்ள வேண்டும்.

எங்கள் ஏற்காடு பயணம் இரண்டு நாள் தள்ளிப்போனது. குழந்தைகளுக்கு வருத்தம்தான். கழற்றிய அந்த இடதுபக்கத் தட்டை நான் எடைக்குப் போடவில்லை. வீட்டு அலமாரியில் வைத்திருக்கிறேன். புதிய தட்டுக்கும் அதற்கும் இடையே உள்ள வேறுபாடு இரண்டரை மில்லிமீட்டருக்கும் குறைவு. கண்ணால் பார்த்து அதை எவராலும் துல்லியமாகச் சொல்லிவிட முடியாது. அடுத்தமுறை உங்கள் காரைப் பராமரிப்புக்கு விடும்போது, "எத்தனை மில்லிமீட்டர் இருக்கிறது?' என்ற ஒரே ஒரு கேள்வியை மறவாமல் கேளுங்கள். பதிலாக ஓர் எண் வரும்வரை "சரி' என்று சொல்லாதீர்கள்.