24 மணி நேரமும் 28 நாளும்

வடக்கே பயணம் போகிறவர்களுக்குப் பீடோர் என்றதும் கொய்யா ஞாபகம் வரும். வாத்து மீ ஞாபகம் வரும். 2024 பிப்ரவரி 1-ஆம் தேதி இரவு மட்டும் எங்கள் ஊரின் பெயர் வேறு காரணத்துக்காக நாடு முழுக்க அடிபட்டது. பீடோர் தற்காலிகக் குடிநுழைவுத் தடுப்பு முகாமிலிருந்து 131 பேர் தப்பி ஓடினார்கள். பெரும்பாலோர் ரோஹிங்கியா. ஒருவர் வடக்கு தெற்கு நெடுஞ்சாலையில் வாகனம் மோதி இறந்தார்.

அன்று எனக்கு வந்த வாட்சப் செய்திகள் எல்லாம் ஒரே மாதிரி. கதவைப் பூட்டுங்கள், பிள்ளைகளை வெளியே விடாதீர்கள். பயம் நியாயமானதுதான். ஆனால் ஓடி எங்கே போக முடியும் என்று தெரியாத காட்டோரத்தில், இருட்டில், 131 பேர் ஏன் ஓடினார்கள் என்று ஒரு செய்தியும் கேட்கவில்லை.

நம் கூட்டரசு அரசியலமைப்பின் 5-ஆவது விதியில் ஒரு வரி இருக்கிறது. கைது செய்யப்பட்டவரை 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். போலீஸ் சொல்வதைத் தவிர இன்னொருவர் காதிலும் விஷயம் விழ வேண்டும், அவ்வளவுதான் அதன் சாரம். அதே விதி, குடிநுழைவுச் சட்டத்தில் பிடிபடும் வெளிநாட்டவருக்கு 24 மணி நேரத்தை 14 நாளாக நீட்டுகிறது. அதற்குப் பிறகு நாடு கடத்தும்வரை முகாமில் வைத்திருக்கலாம். எத்தனை நாள் என்று சட்டத்தில் கணக்கு இல்லை. மியன்மாரின் 1982 குடியுரிமைச் சட்டம் ரோஹிங்கியாக்களைக் குடிமக்களாக ஏற்காதபோது, அவர்களை எந்த நாட்டுக்குக் கடத்துவது? 1951 அகதிகள் ஒப்பந்தத்தில் மலேசியா கையெழுத்திடவில்லை. ஆகவே அகதி என்ற சொல்லுக்கும் நம் சட்டத்தில் இடமில்லை.

சரி, அது வந்தேறிகள் சமாச்சாரம், நமக்கென்ன என்று நினைக்கலாம். 24 மணி நேரம் நமக்கும் எல்லா நேரத்திலும் 24 மணி நேரம் இல்லை. சொஸ்மா சட்டத்தில் அது 28 நாள்.

சாதாரண வழக்கில் போலீசுக்குக் கூடுதல் நாள் வேண்டுமென்றால் மாஜிஸ்திரேட்டிடம் போய்க் கேட்க வேண்டும். பெரிய குற்றமாக இருந்தாலும் ஏழு நாள், பிறகு இன்னோர் ஏழு நாள், மொத்தம் 14. ஒவ்வொரு முறையும் காரணம் சொல்ல வேண்டும். சொஸ்மாவில் முதல் 24 மணி நேரத்துக்குப் பிறகு சூப்பரிண்டெண்டன் பதவியிலோ அதற்கு மேலோ உள்ள ஒரு போலீஸ் அதிகாரி முடிவு செய்தால் போதும், 28 நாள். நீதிமன்றத்தின் கதவைத் தட்ட வேண்டியதே இல்லை. வழக்கறிஞரைப் பார்ப்பதையும் 48 மணி நேரம்வரை தள்ளிப் போடலாம்.

இந்தப் பழக்கம் எங்கிருந்து வந்தது என்று தேடினால் நம் பேரா மாநிலத்திலேயே வந்து நிற்கிறது. 1948 ஜூன் 16 அன்று சுங்கை சிப்புட்டில் மூன்று ஐரோப்பியத் துரைமார் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். இரண்டே நாளில் மலாயா முழுக்க அவசரகாலம். விசாரணை இல்லாமல் பிடித்து வைக்கும் அதிகாரம் அந்த விதிகளில் வந்தது. ஆயுதம் வைத்திருந்தாலே தூக்கு. மலாயா தொழிற்சங்கச் சம்மேளனத்தின் தலைவராக இருந்த எஸ்.ஏ. கணபதி ஒரு துப்பாக்கி வைத்திருந்த குற்றத்துக்காக 1949 மே மாதம் புடு சிறையில் தூக்கிலிடப்பட்டார்.

தோட்டத்துப் பெரியவர்களைக் கேட்டால் தூக்கு, சிறை பற்றி அதிகம் பேச மாட்டார்கள். சோற்றைப் பற்றிச் சொல்வார்கள். காட்டுக்குள் இருந்த கம்யூனிஸ்டுகளுக்கு உணவு போய்ச் சேரக்கூடாது என்று அரிசி அளந்து கொடுக்கப்பட்டது. வேலிக் கதவில் சோதனை. பால் மரம் வெட்டப் போகிறவர் மத்தியானச் சோற்றைக் கட்டிக்கொண்டு போக முடியாது. நாம் சட்டைப்பையில் வைத்திருக்கிற அடையாளக் கார்டும் அந்தக் காலத்துக் கொடைதான். 1948 அவசரகால விதிகளின் கீழ்தான் அது முதன்முதலில் கட்டாயமாக்கப்பட்டது. அவசரம் முடிந்தது, கார்டு நின்றுவிட்டது.

கார்டு மட்டுமா நின்றது? 1960 ஜூலை 31-இல் அவசரகாலம் முடிந்ததாக அறிவித்தார்கள். மறுநாளே, ஆகஸ்ட் 1-இல், இசா சட்டம் நடப்புக்கு வந்தது. போலீஸ் 60 நாள் வைத்திருக்கலாம், அமைச்சர் கையெழுத்துப் போட்டால் இரண்டு ஆண்டு, பிறகு மீண்டும் மீண்டும் இரண்டு ஆண்டு. கம்யூனிஸ்டுகளுக்காக என்றுதான் சொன்னார்கள். 1987 ஒப்பராசி லாலாங்கில் பிடிபட்ட நூற்றுக்கும் மேற்பட்டோரில் எதிர்க்கட்சிக்காரர்களும் கல்வியாளர்களும் இருந்தார்கள்.

2007 நவம்பர் 25 இண்ட்ராப் பேரணி நம் வீடுகளில் எல்லோருக்கும் ஞாபகம் இருக்கும். டிசம்பர் 13-இல் உதயகுமார், மனோகரன், கணபதிராவ், கெங்காதரன், வசந்தகுமார் ஆகிய ஐவரும் இசாவில் கைதாகி, தைப்பிங் பக்கத்தில் இருக்கிற கமுந்திங் முகாமுக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். மனோகரன் உள்ளே இருந்தபடியே 2008 தேர்தலில் கோத்தா ஆலம் ஷா சட்டமன்றத் தொகுதியில் வென்றார். மக்கள் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்தவர் தொகுதிக்கு வர ஓராண்டுக்கு மேல் ஆனது. கடைசி மூவர் 2009 மே மாதம் விடுதலையானார்கள்.

இசாவை 2012 ஜூலை 31-இல் நீக்கி, சொஸ்மாவைக் கொண்டுவந்தார்கள். முன்னேற்றம் இல்லை என்று சொல்ல மாட்டேன். 60 நாள் 28 ஆனது, அமைச்சரின் கையெழுத்து போய், வழக்கு கட்டாயம் நீதிமன்றத்துக்கு வர வேண்டும் என்றானது. ஆனால் வந்த பிறகு என்ன? 13-ஆவது பிரிவின்படி ஜாமீன் கிடையாது. 18 வயதுக்குக் குறைந்தவர், பெண், நோயாளி இவர்களுக்கு மட்டும் விலக்கு. வழக்கு இரண்டு வருடம் இழுத்தால் இரண்டு வருடமும் உள்ளேதான். 30-ஆவது பிரிவு இன்னும் விசித்திரம். நீதிபதி விடுதலை செய்தாலும், அரசுத் தரப்பு மேல்முறையீடு செய்தால் அது முடியும்வரை உள்ளே வைக்கச் சொல்லிக் கேட்கலாம்.

2019 அக்டோபரில் விடுதலைப் புலிகளோடு தொடர்பு என்று 12 பேரைப் பிடித்தார்கள். அவர்களில் காடேக் சட்டமன்ற உறுப்பினர் சாமிநாதன், சிரம்பான் ஜெயா சட்டமன்ற உறுப்பினர் குணசேகரன் இருவரும் இருந்தார்கள். இலங்கையில் போர் முடிந்து அப்போதே பத்து ஆண்டு. நவம்பர் 29-இல் உயர் நீதிமன்ற நீதிபதி முகமட் நஸ்லான் ஒரு முக்கியமான தீர்ப்பைச் சொன்னார். ஜாமீன் கொடுப்பதா வேண்டாமா என்பது நீதிமன்றத்தின் வேலை, அந்த அதிகாரத்தையே பறிக்கும் 13-ஆவது பிரிவு அரசியலமைப்புக்கு முரண் என்றார். 2020 பிப்ரவரி 21-இல் அப்போதைய சட்டத்துறைத் தலைவர் டோமி தாமஸ் 12 பேர் மீதான குற்றச்சாட்டுகளையும் மீட்டுக்கொண்டார். பிரபாகரன் படத்தைக் கைப்பேசியில் வைத்திருப்பதால் ஒருவர் பயங்கரவாதி ஆகிவிட மாட்டார் என்பது அவர் சொன்ன காரணங்களில் ஒன்று. நான்கு மாதச் சிறையை யாரும் மீட்டுக் கொடுக்கவில்லை. 13-ஆவது பிரிவும் சட்டப் புத்தகத்தை விட்டுப் போகவில்லை.

அவர்களுக்குக் கட்சி இருந்தது, வழக்கறிஞர்கள் இருந்தார்கள், பத்திரிகைகள் எழுதின. சொஸ்மாவில் உள்ளே இருக்கும் நம் பையன்களில் பலருக்கு அது எதுவும் கிடையாது. குண்டர் கும்பலில் உறுப்பினர் என்ற குற்றச்சாட்டும் இந்தச் சட்டத்துக்குள்தான் வருகிறது. நிரூபணமானால் 5 முதல் 20 ஆண்டு. கணவனுக்காக, மகனுக்காக சிறை வாசலில் உண்ணாவிரதம் இருந்த பெண்களின் படங்களை நீங்கள் பத்திரிகையில் பார்த்திருப்பீர்கள்.

வானொலியில் இதைப் பற்றிப் பேசினாலே ஓர் அழைப்பு கட்டாயம் வரும். 'தங்கச்சி, உங்க வீட்ல எவனாவது பாராங்கோட நுழைஞ்சா அப்பத் தெரியும்' என்பார்கள். அந்தக் கோபம் எனக்குப் புரிகிறது. கும்பல்களால் அதிகம் சீரழிந்தது நம் வீடுகள்தான். பாராங்கோடு வந்தவனைப் பிடிக்கட்டும், நிரூபித்து இருபது ஆண்டு போடட்டும். என் கேள்வி அவனைப் பற்றியது இல்லை. அவனோடு ஒரே மேசையில் தேத்தண்ணி குடித்த பக்கத்து வீட்டுப் பையனும் அதே லாரியில் ஏற்றப்பட்டால், இவன் வேறு, அவன் வேறு என்று யார் எப்போது பிரித்துப் பார்ப்பது? 24 மணி நேரத்தில் ஒரு மாஜிஸ்திரேட் பார்த்திருக்கலாம். ஜாமீன் மனுவில் ஒரு நீதிபதி பார்த்திருக்கலாம். சொஸ்மாவில் இந்த இரண்டு கதவும் மூடியிருப்பதால், வழக்கு முடியும்போதுதான் தெரியும். அதற்குள் வேலை போயிருக்கும். காடிக்குத் தவணை கட்டாமல் வங்கி எடுத்துப் போயிருக்கும். குற்றத்தை ஒப்புக்கொண்டால் சீக்கிரம் வீட்டுக்குப் போகலாம் என்ற எண்ணம், செய்யாதவனுக்கும் வரும்.

வீட்டில் இப்படி ஒரு கைது நடந்தால் அழுதுகொண்டு காத்திருக்க வேண்டாம். சொஸ்மா கைதானாலும் குடும்பத்துக்கு உடனே தெரிவிக்க வேண்டும் என்று அதன் 5-ஆவது பிரிவு சொல்கிறது. எந்தச் சட்டத்தில் பிடித்தார்கள், எந்த போலீஸ் நிலையம், விசாரணை அதிகாரி பெயர் என்ன, இந்த மூன்றையும் கேட்டு எழுதி வைத்துக்கொள்ளுங்கள். பணமில்லாத குடும்பங்கள் தேசிய சட்ட உதவி அறவாரியத்தை, அதாவது ஒய்.பி.ஜி.கே.யை, அணுகலாம். கைது, தடுப்புக்காவல், ஜாமீன் கட்டங்களில் இலவச வழக்கறிஞர் கொடுப்பதுதான் அதன் வேலை.

இன்னொரு தேதியையும் குறித்து வையுங்கள். 28 நாள் அதிகாரம் நிரந்தரம் இல்லை, ஐந்தாண்டுக்கு ஒரு முறை நாடாளுமன்றம் நீட்டித்தால்தான் உயிரோடு இருக்கும். 2022 மார்ச் 23-இல் அந்தத் தீர்மானம் மக்களவையில் 86-க்கு 84 என்று தோற்றது. இரண்டே ஓட்டு வித்தியாசம். சுமார் ஐம்பது உறுப்பினர்கள் அன்று ஓட்டே போடவில்லை. ஜூலையில் மறுபடி கொண்டுவந்து 111-க்கு 88 என்று நிறைவேற்றினார்கள். அந்த ஐந்தாண்டு 2027 ஜூலை 31-இல் முடிகிறது. உங்கள் தொகுதி உறுப்பினர் மார்ச்சில் எங்கே இருந்தார், ஜூலையில் எந்தப் பக்கம் நின்றார் என்று அடுத்த தீபாவளி விருந்துபசரிப்பில் பார்த்தால் கேட்டுப் பாருங்கள்.