கூலிப்படை ஆளைக் கலங்கவைத்த குடும்பம்: தெரியுமா?

சிறந்த இயக்குநருக்கான ஆஸ்கர் விருதை 4 முறை வென்று, இன்றுவரை யாராலும் முறியடிக்க முடியாத சாதனை படைத்தவர் ஜான் ஃபோர்டு. அவருடைய முதல் முழுநீளப் படம் எது தெரியுமா? 1917-ல் வெளியான ‘ஸ்ட்ரெயிட் ஷூட்டிங்’ என்ற மௌனப்படம்! அப்போது அவருக்கு வயது 23தான்!

நாயகனே கூலிப்படை ஆள் தெரியுமா?
குடியேறிய விவசாயிகளை விரட்டியடிக்க, மாட்டுப்பண்ணை முதலாளிகள் ‘செயென் ஹாரி’ என்ற ரவுடியைப் பேசி வரவழைக்கிறார்கள். வந்த இடத்தில் அவன் காண்பது என்ன? தண்ணீர் எடுக்கப்போய்ச் சுடப்பட்ட மகனை, ஒரு விவசாயக் குடும்பம் புதைத்துக்கொண்டிருக்கிறது! கல்நெஞ்சன் கலங்கிவிடுகிறான். தன்னை வரவழைத்த அதே முதலாளிகளின் ஆளை நடுத்தெருவில் துப்பாக்கியோடு எதிர்கொள்கிறான்!

ஒரு தட்டு அழவைக்கும் தெரியுமா?
அந்தக் குடும்பத்தில் சகோதரனைப் பறிகொடுத்த பெண், சாப்பாட்டு மேசையிலிருந்து அவனுடைய தட்டை எடுத்துவைக்கிறாள். வசனமே இல்லாமல் ஒரு வீட்டின் துக்கம் முழுவதும் அந்த ஒரு தட்டில்!

படத்தை வெட்டிக் குறைக்கப் பார்த்தார்கள் தெரியுமா?
ஸ்டூடியோ எதிர்பார்த்தது 2 ரீல் படம். ஃபோர்டு கொடுத்ததோ 5 ரீல்! யூனிவர்சல் அதிபர் கார்ல் லெம்லே குறுக்கிட்டு முழுப் படத்தையும் காப்பாற்றினார் என்பார்கள்.

காணாமல்போன படம் பிராகாவில் கிடைத்தது தெரியுமா?
அழிந்தே போய்விட்டது என்று எல்லோரும் கைவிட்ட நிலையில், 1966-ல் செக் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் ஒரு பிரதி அகப்பட்டது!

திரைக்குப் பின்னாலும் குடும்பப் பாசம்தான் தெரியுமா?
ஃபோர்டைச் சினிமாவுக்குள் அழைத்துவந்தவர் அண்ணன் பிரான்சிஸ். தம்பி புகழின் உச்சிக்குப் போன பிறகு, அண்ணனுக்குத் தன் படங்களில் தொடர்ந்து வேடம் கொடுத்தார்!

செயென் ஹாரியாக நடித்த ஹாரி கேரி 1947-ல் மறைந்தார். மறு ஆண்டே ‘3 காட்ஃபாதர்ஸ்’ படத்தை ஃபோர்டு அவருக்குக் காணிக்கையாக்கினார். கேரியின் மகனுக்கும் அதில் முக்கிய வேடம்!

இன்னும் இருக்கிறது! வலது முழங்கையை இடது கையால் பற்றிக்கொண்டு நிற்பது கேரியின் முத்திரை. 1956-ல் ஃபோர்டின் ‘தி சர்ச்சர்ஸ்’ படத்தின் கடைசிக் காட்சியில், நடிகர் ஜான் வெய்ன் அப்படியே நின்றார். அதே படத்தில் கேரியின் மனைவி ஒலிவும் நடித்திருந்தார். அவர் கண்ணெதிரே செலுத்திய அஞ்சலி அது!

‘ஸ்ட்ரெயிட் ஷூட்டிங்’ படத்தின் புதுப்பிக்கப்பட்ட பிரதி இப்போது கிடைக்கிறது. ஓடும் நேரம் சுமார் 1 மணிதான். வீட்டில் எல்லோரும் சேர்ந்து உட்கார்ந்து பாருங்கள்!