தென்திசைக்கு ஒரு தீப்பந்தம்

ஐப்பசி மாதத்துத் தேய்பிறைச் சதுர்த்தசியிலும் அமாவாசையிலும், அந்தி மயங்கும் பிரதோஷ வேளையில், கையில் கொள்ளி ஏந்தி நின்று பித்ருக்களுக்கு வழிகாட்ட வேண்டும் என்று தர்ம சாஸ்திர நூல்கள் விதிக்கின்றன. அந்தக் கொள்ளிக்கு வடமொழியில் உல்கை என்று பெயர். அச்செயல் உல்காதானம் எனப்படும். புரட்டாசி மகாளய பட்சத்தில் யமலோகம் விட்டு இறங்கிவந்து, சந்ததியார் அளித்த எள்ளையும் நீரையும் ஏற்றுக்கொண்ட முன்னோர், ஐப்பசியில் தம் உலகுக்குத் திரும்புகின்றனர். நிலவில்லாத இரவில் அவர்கள் செல்லும் பாதை இருண்டு கிடக்கலாகாது என்பதே இதன் கருத்து.

தமிழ்நாட்டில் தீபாவளி என்றால் நரகாசுர வதமும் விடியற்காலை கங்கா ஸ்நானமுமே முதலில் நினைவுக்கு வருகின்றன. அன்று நீராடியபின் யமதர்ப்பணம் செய்வது வைதிகர் இல்லங்களில் இன்றும் உண்டு. தந்தை உயிரோடிருப்பவரும் அதைச் செய்யலாம் என்பது அதன் சிறப்பு. பல குடும்பங்களில், புத்தாடைகளை முன்னோர் படத்தின்முன் வைத்துப் படையலிட்டு வணங்கிய பின்னரே உடுத்துகின்றனர். ஆனால் கொள்ளி ஏந்தும் வழக்கம் மட்டும் நம்மிடையே அருகிவிட்டது. ஒடிசா மாநிலத்தில் அது குன்றாமல் இருக்கிறது. தீபாவளி மாலையில் அங்கே குடும்பத்தினர் அனைவரும் வாசலில் கூடி, சணல் தண்டுக் குச்சிகளைக் கொளுத்தி மேலே தூக்கிப் பிடித்து, இருளில் வந்த பெரியோர்களே, ஒளியில் திரும்புங்கள் என்னும் பொருளில் முன்னோரைக் கூவி அழைக்கின்றனர். பூரி ஜகந்நாதர் கோயிலின் 22 படிகளில் அன்று சிராத்தம் செய்யவும் கூட்டம் திரளும். எரியும் குச்சியைக் கையில் பிடித்து நிற்கும் அந்தக் குழந்தைகளைக் காண்போருக்கு நம் வீட்டுக் கம்பி மத்தாப்பு நினைவுக்கு வராமல் இராது.

அந்தக் கம்பி மத்தாப்பு பிறக்கும் ஊருக்கும் காசிக்கும் ஓர் உறவு உண்டு. 15-ஆம் நூற்றாண்டில் தென்காசியை ஆண்ட அரிகேசரி பராக்கிரம பாண்டியன், காசியிலிருந்து சிவலிங்கம் கொண்டுவந்தபோது, லிங்கத்தைச் சுமந்த பசு வழியிலிருந்த வில்வ வனத்தில் நின்றுவிட்டதாம். எத்தனை முயன்றும் அது நகரவில்லை. இறைவன் திருவுள்ளம் இதுவே என்றுணர்ந்த மன்னன், லிங்கத்தை அங்கேயே பிரதிஷ்டை செய்தான் என்பது தலவரலாறு. விஸ்வநாதரும் விசாலாட்சியும் எழுந்தருளிய அவ்விடமே சிவகாசி. முன்னோர் கடன் தீர்க்கக் காசிக்குச் செல்ல இயலாதவருக்காகக் காசியே பாதிவழி வந்து நின்றது போலும்! மழை பொய்த்த அந்தக் கரிசல் மண்ணிலிருந்து 1920-களின் தொடக்கத்தில் அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா சென்று தீப்பெட்டித் தொழில் கற்றுத் திரும்பினர். தீப்பெட்டியைத் தொடர்ந்து மத்தாப்பு, அதைத் தொடர்ந்து வெடி. இன்று நாட்டின் பட்டாசில் பெரும்பகுதி சிவகாசி, சாத்தூர், விருதுநகர் வட்டாரத்து ஆலைகளில் உருவாகிறது.

முன்னோர்க்கு ஒளியால் வழிகாட்டும் இந்த நம்பிக்கை பாரத தேசத்துக்கு மட்டும் உரியதன்று. உலகின் மறுகோடியில் இருக்கும் மெக்சிகோ நாட்டில் ஆண்டுதோறும் நவம்பர் 1, 2 தேதிகளில் இறந்தோர் நாள் கொண்டாடப்படுகிறது. 2024-இல் தீபாவளி அக்டோபர் 31 அன்று வந்தது. அமாவாசை மறுநாள் மாலைவரை நீடித்தது. அதனால் அவ்வாண்டு இரண்டு தேசங்களும் ஏறத்தாழ ஒரே இரவில் விளக்கேற்றின.

ஸ்பானியர் வருகைக்கு முன்பே அந்நாட்டுப் பழங்குடி மக்களிடம் முன்னோர் வழிபாடு வேரூன்றியிருந்தது. பின்னாளில் கிறிஸ்தவத் திருநாள்களோடு அது இணைந்தது. முதல் நாள் மறைந்த குழந்தைகளுக்கு, இரண்டாம் நாள் பெரியவர்களுக்கு. வீட்டில் ஒரு மேடை அமைத்து, மறைந்தவரின் படம் வைத்து, அவர் விரும்பி உண்ட பண்டங்களைப் படைப்பர். நெடுவழி நடந்து வருபவரின் தாகம் தீர ஒரு குவளைத் தண்ணீர் கட்டாயம் உண்டு. உப்பு, மெழுகுவத்தி, நம் சாம்பிராணியைப் போல மணக்கும் கோபால் என்னும் மரப்பிசின் புகை ஆகியவையும் இடம்பெறும். எல்லாவற்றுக்கும் மேலாகப் பூ! வாசலிலிருந்து மேடைவரை மஞ்சள் இதழ்களைப் பாதைபோலத் தூவுவர். அதன் நிறமும் மணமும் பற்றியே ஆவிகள் வீடு வந்து சேரும் என்பது நம்பிக்கை. அந்தப் பூ எது தெரியுமா? விருதுநகர்ச் சீமையில் கேந்தி என்றும், பிற இடங்களில் செண்டுமல்லி, துலுக்கச் சாமந்தி என்றும் வழங்கும் அதே பூதான். அதன் தாயகமே மெக்சிகோ. ஐரோப்பியக் கப்பல்களில் ஏறி நம் நாட்டுக்கு வந்து, இன்று நம் அம்மன் கோயில் வாசல்களில் சரமாகத் தொங்குகிறது.

ஒற்றுமைகள் அத்துடன் நிற்கவில்லை. நமக்கு வைதரணி நதி. அதைக் கடக்கக் கோதானம் செய்கிறோம். பழைய மெக்சிகோ மக்களின் நம்பிக்கையில், மறைந்த உயிரை ஆற்றைக் கடத்திவிடுவது ஒரு நாய். நாம் காக்கைக்குச் சோறு வைத்து முன்னோர் வந்தனர் என மகிழ்கிறோம். மிச்சோவகான் மாநிலத்தில் நவம்பர் தொடக்கத்தில் கூட்டங்கூட்டமாக வந்திறங்கும் மன்னர் வண்ணத்துப்பூச்சிகளை அங்குள்ளோர் திரும்பிவந்த உயிர்களாகவே காண்கின்றனர். ஒரு வேறுபாடு: பித்ருக்களின் திசை நமக்குத் தெற்கு, அவர்களுக்கு வடக்கு.

அதே மிச்சோவகானில் பாட்ஸ்குவாரோ ஏரியின் நடுவே ஹனிட்சியோ என்ற சிறு தீவு இருக்கிறது. நவம்பர் முதல் நாளிரவு அத்தீவின் பெண்கள் உணவுக் கூடையுடனும் பூவுடனும் இடுகாட்டுக்குச் சென்று, உற்றார் கல்லறை அருகே மெழுகுவத்தி ஏற்றி விடியுமட்டும் கண்விழித்திருப்பர். இக்காட்சியைக் காண உலகெங்கிலுமிருந்து பயணிகள் படகேறி வருகின்றனர். 2008-இல் யுனெஸ்கோ நிறுவனம் இவ்விழாவை மானுடத்தின் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தபின் வருகை பெருகியது. தலைநகர் மெக்சிகோ நகரில் இந்நாளையொட்டி நடக்கும் பெரும் ஊர்வலமோ பழைய வழக்கமே அன்று. 2015-இல் வெளிவந்த ஒரு ஜேம்ஸ் பாண்ட் திரைப்படத்தில் கற்பனையாகக் காட்டப்பட்டதைப் பின்பற்றி 2016-இல் தொடங்கியது! பயணி காண விரும்பியதை நகரம் உண்டாக்கிக் கொடுத்தது. தீவின் தாய்மாரோ, தம்மைச் சுற்றிப் புகைப்படக் கருவிகள் மின்னினாலும், தம் கல்லறையைவிட்டுக் கண்ணெடுப்பதில்லை.

இந்தச் சங்கடம் நமக்கும் புதிதன்று. இராமேஸ்வரம் அக்னி தீர்த்தக் கரையில் ஆடி அமாவாசையன்று, எள்ளும் நீரும் இறைக்கும் கையைவிட அதைப் படமெடுக்கும் கைப்பேசிகளே மிகுந்துவிட்டன. காசி, கயா யாத்திரைகள் இன்று வண்டி, தங்குமிடம், உணவு என எல்லாம் அடங்கிய சுற்றுலாக்களாகிவிட்டன. முதியோருக்கு அது பெரும் உதவியே. 60 வயது முதல் 70 வயது வரையுள்ள பக்தர்களை இராமேஸ்வரத்திலிருந்து காசிக்கு அரசுச் செலவில் அழைத்துச் செல்லும் பயணத்தை இந்து சமய அறநிலையத் துறை 2022–23-இல் 200 பேருடன் தொடங்கி நடத்திவருகிறது. எனினும் வழிகாட்டி எல்லாவற்றையும் காட்டலாம். தாத்தாவின் பெயரையும் கோத்திரத்தையும் சொல்ல வேண்டிய வாய் பேரனுடையது.

சிவகாசிக்கும் மெக்சிகோவுக்கும் பூவையும் ஒளியையும் கடந்த வேறோர் உறவு இருக்கிறது, அது துயரமானது. மெக்சிகோவில் துல்தெபெக் என்ற ஊர் வாணத் தொழிலுக்குப் பேர்பெற்றது. 2016 டிசம்பர் 20 அன்று அவ்வூர் வாணச் சந்தையில் நேர்ந்த வெடிவிபத்தில் 40 பேருக்குமேல் மாண்டனர். சிவகாசியை அடுத்த முதலிப்பட்டியில் 2012 செப்டம்பர் 5 அன்று ஓர் ஆலையில் பற்றிய தீ 30-க்கும் மேற்பட்ட உயிர்களைக் குடித்தது. அதற்கு முன்னும் பின்னும் எத்தனையோ விபத்துகள். காலையில் தூக்குவாளியில் சோறு கட்டிக்கொண்டு சென்றவர் மாலையில் திரும்பவில்லை என்ற செய்தியைக் கேளாத கிராமம் அப்பகுதியில் அரிது. பிறர் வீட்டு முன்னோர்க்கு வழிகாட்டும் ஒளியைச் செய்தவர்கள் அவர்கள்.

இத்தகைய அகால மரணம் எய்தியோரைச் சாஸ்திரம் மறந்துவிடவில்லை. மகாளய பட்சத்தில் அமாவாசைக்கு முந்தைய சதுர்த்தசி, ஆயுதத்தாலும் விபத்தாலும் உயிர்நீத்தவர்களுக்கென்றே ஒதுக்கப்பட்டுள்ளது. மற்றவர்க்கு அவரவர் இறந்த திதி. இவர்களுக்கு எத்திதியில் இறந்திருப்பினும் இந்நாள். மெக்சிகோவின் சில வட்டாரங்களிலும் அக்டோபர் 28-ஆம் நாளை விபத்தில் இறந்தவர்க்கென்று தனியே வைத்திருக்கின்றனர் என்பது வியப்புக்குரியது. ஒருவரையொருவர் அறியாத இரு சமூகங்கள், திடீரெனப் பறிபோன உயிருக்குத் தனியாக ஓர் இலை போட வேண்டும் என்று எண்ணியிருக்கின்றன.

மகாளயத்தில் பெற்றோர், பாட்டன், பூட்டன் ஆகியோரோடு காருண்ய பித்ருக்கள் என்போருக்கும் நீர் வார்க்கப்படுகிறது. மனைவி, மகன், உடன்பிறந்தார், மாமன், அத்தை, குரு, நண்பர் என அவ்வரிசை நீளும். ஆகவே விபத்தில் மறைந்த தம்பியையோ தோழனையோ அன்று பெயர் சொல்லி நினைக்கத் தடையில்லை. முறைகள் குடும்பத்துக்குக் குடும்பம் வேறுபடுவதால், அவரவர் புரோகிதரையோ வீட்டுப் பெரியவரையோ கேட்டுச் செய்வது நலம்.

இடம் தேடி வெகுதூரம் செல்ல வேண்டியதுமில்லை. அருப்புக்கோட்டையை அடுத்த திருச்சுழி, சுந்தரர் பாடல் பெற்ற தலம்; 1879-இல் ரமண மகரிஷி அவதரித்த ஊர். உலகை மூட வந்த பிரளய வெள்ளத்தைச் சிவபெருமான் தம் சூலத்தால் நிலத்தில் சுழித்து இறங்கச் செய்த இடம் என்கிறது புராணம். திருமேனிநாதரையும் துணைமாலையம்மையையும் வணங்கி, குண்டாற்றங்கரையில் அமாவாசைத் தர்ப்பணம் செய்வோர் பலர். வலிமையுள்ளோர் ஆடி அமாவாசையில் தாணிப்பாறை வழியாகச் சதுரகிரி ஏறிச் சுந்தர மகாலிங்கத்தைத் தரிசிக்கின்றனர். ஏற இயலாத முதியோர்க்கு வீட்டுக் கிணற்றடியும் போதும்.

தர்ப்பணத்தின் முடிவில், தாயோ தந்தையோ சுற்றமோ நட்போ இல்லாது போனவர்கள் எவரோ, அவர்களும் திருப்தியடைக என்ற கருத்தமைந்த மந்திரத்தைச் சொல்லி, தர்ப்பையிலிருந்து நீர் விடுவர். மெக்சிகோவின் மேடைகளிலும், நினைக்க ஒருவருமில்லாத உயிருக்கென ஒரு மெழுகுவத்தி தனியே ஏற்றப்படுவதுண்டு.

தீபாவளிக்குச் சில நாள் முன்னரே சிவகாசியின் ஆலைகள் மூடப்படும். ஆண்டு முழுதும் மருந்து தோய்ந்த கைகள் அன்றுதான் ஓய்ந்திருக்கும். அமாவாசை அந்தியில், குழந்தைகள் வெடிக்குப் பறக்குமுன், வீட்டில் மூத்தவர் ஒருவர் தெற்கு நோக்கி நின்று முதல் கம்பி மத்தாப்பை ஏற்றி உயர்த்திப் பிடித்து, மறைந்தவர்களின் பெயர்களை ஒவ்வொன்றாகச் சொல்லலாம். ஒரு கம்பி எரிந்து தீர்வதற்குள் நாலைந்து பெயர்களைச் சொல்லிவிட முடியும்.