பேய் வரும் பின்னே, ஓசை வரும் முன்னே

நியூ டவுன் அடுக்ககத்தில் ஒரு மழைநாள் மாலை, பேத்தியோடு பேய்ப்படம் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு பெண் இருட்டில் மாடிப்படி ஏறுகிறாள். இசை நின்றுவிட்டது. அந்த நேரம் பார்த்து எங்கள் சமையலறையில் குக்கர் விசில் அடித்தது. பேத்தி அலறினாள், அறுபதைக் கடந்த நானும் 'ஐயையோ' என்றுவிட்டேன். படத்தில் பேய் இன்னும் வரவே இல்லை! அன்றிரவு பாத்ரூமுக்குத் தனியாகப் போகமாட்டேன் என்று அடம்பிடித்தாள். அவளுக்குச் சொன்ன விளக்கமே இக்கட்டுரை.

பயமுறுத்தும் வித்தையில் பாதி அந்தக் குக்கரில் இருக்கிறது. முதலில் ஓசையை அடக்குவார்கள். நாம் காதைத் தீட்டிக்கொண்டு காத்திருப்போம், உடம்பு இறுகும். பிறகு எந்தச் சத்தம் வந்தாலும் தூக்கிவாரிப் போடும். 1942-இல் வந்த 'கேட் பீப்பிள்' என்னும் அமெரிக்கப் படத்தில், இரவில் தனியே நடக்கும் பெண்ணை ஏதோ விலங்கு பின்தொடர்கிறது என்று நாம் நடுங்கும்போது, சீறிக்கொண்டு வந்து நிற்பது ஒரு பஸ்! தயாரிப்பாளர் வால் லூட்டன் பெயரால் 'லூட்டன் பஸ்' என்றே இந்த உத்திக்குப் பெயர் வந்துவிட்டது. கொல்கத்தா பஸ்ஸில் ஏறியவர்களுக்கு இது புதிதல்ல.

மறுபாதி, பேயைக் காட்டாமலிருப்பது. பொட்டலத்தைப் பிரிக்காதவரை சரக்கு உசத்திதான். இது வியாபாரிக்குத் தெரியும்.

பிரித்துக் காட்டினால்? சத்யஜித் ராய் காட்டினார். 1969-இல் வந்த 'கூபி காயின் பாகா பாயின்' படத்தில் ஆறு நிமிடத்துக்கு மேல் பேய்கள் ஆடுகின்றன. அதற்கு அவர் தேடிப்பிடித்தது நம் தாளவாத்தியக் கச்சேரியை! அரசப் பேய்களுக்கு மிருதங்கம், குடியானவப் பேய்களுக்குக் கஞ்சிரா, வெள்ளைக்காரப் பேய்களுக்குக் கடம், தொந்திப் பேய்களுக்கு மோர்சிங். (நான் எந்த வரிசை என்று கேட்காதீர்கள்.) அடுத்த அடி எங்கே விழும் என்று தெரிந்துவிட்டால் பயம் ஏது? தாளம் தவறாத பேயைப் பார்த்து வங்கக் குழந்தைகள் சிரிக்கிறார்கள்.

எங்கள் சமண நூலான 'நீலகேசி'யில் இதற்கும் மேலே. அ. சக்கரவர்த்தி நயினார் 1936-இல் பதிப்பித்த நூல் அது. சுடுகாட்டில் தவமிருந்த முனிச்சந்திரரை விரட்டப் பழையனூர் நீலி வருகிறாள். கோர உருவங்கள் காட்டுகிறாள், அவர் அசையவில்லை. அழகிய அரசகுமாரியாய் வருகிறாள்; அதையும் கண்டுபிடித்துவிடுகிறார். கடைசியில் பேயே அவருக்குச் சிஷ்யையாகி, பிற சமயத்தாரோடு வாதம் செய்யக் கிளம்பிவிட்டது!

பேத்தி எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டாள்.

"அந்த முனிவர் வீட்டில் குக்கர் இல்லையே, தாத்தா" என்றாள்.