அந்தரத்தில் நின்ற மழை

மேடை மாயாஜாலக்காரர்கள் கூட்டாகக் கொள்ளையடிக்கும் கதை, 'நவ் யூ சீ மீ'. அதன் இரண்டாம் பாகம் 2016இல் வந்தது. அதில், லண்டனில் கொட்டும் மழையில் நடிகர் ஜெஸ்ஸி ஐசன்பெர்க் கையை அசைப்பார். மழை அந்தரத்தில் அப்படியே நிற்கும், பிறகு மேலே ஏறும்! படத்தில் கொஞ்சம் மிகைதான். ஆனால் சூட்சுமம் நிஜம். சீராகச் சொட்டும் துளிகள்மீது அதே வேகத்தில் விளக்கை விட்டுவிட்டு மின்னவிட்டால், ஒவ்வொரு முறையும் முந்தைய துளி இருந்த இடத்தில் அடுத்த துளி நிற்கும். கண் ஏமாந்துபோகும். மின்னும் வேகத்தைச் சற்றுக் கூட்டினால், துளி மேல்நோக்கிப் போவதாகத் தெரியும். இன்னொரு வேடிக்கை: ஹாரி பாட்டராக மந்திரக்கோல் பிடித்த டேனியல் ராட்கிளிஃப்தான் இந்தப் படத்தில் வில்லன்.