நான்கு குரல்களில் ஓர் இசை

வீடியோ கேம் படிப்பைக் கெடுக்கும் என்பது நம்மில் பலரின் கவலை. அத்தகைய விளையாட்டுக்கு இசையமைத்த ஒருவரின் பணியில் வகுப்பறைக்கு உதவும் செய்தி ஒன்று உண்டு.

கோஜி கோண்டோ 1961இல் ஜப்பானின் நகோயா நகரில் பிறந்தார். ஐந்து வயதிலேயே மின்னணு ஆர்கன் கற்கத் தொடங்கினார். ஒசாகா கலைப் பல்கலைக்கழகத்தில் படித்து, 1984இல் நிண்டெண்டோ நிறுவனத்தில் சேர்ந்தார். மறு ஆண்டு வெளிவந்த 'சூப்பர் மாரியோ பிரதர்ஸ்' விளையாட்டின் இசை அவரை உலகறியச் செய்தது.

சிறிய இடம், சில குரல்கள்

அந்த விளையாட்டு முழுமைக்கும் கிடைத்த இடம் 40 கிலோபைட். இன்று கைப்பேசியில் எடுக்கும் ஒரு படத்துக்கே அதைவிடப் பல மடங்கு இடம் தேவை. பாடலைப் பதிவு செய்து சேர்க்க வழியில்லை. எனவே சுரங்கள் எண்களாக எழுதப்பட்டன. சில்லு அவற்றைப் படித்து ஒலி எழுப்பியது. மெட்டுக்கு இரண்டு குரல், கீழ்ச்சுரத்துக்கு ஒன்று, தாளத்துக்கு இரைச்சல் ஒலி ஒன்று. மாரியோ குதித்தால், அந்த ஓசைக்காக ஒரு குரல் கணநேரம் விலகி வழிவிடும்.

கோண்டோ முதலில் அமைத்த மெட்டு, மாரியோ ஓடிக் குதிக்கும் வேகத்தோடு ஒட்டவில்லை. அதைக் கைவிட்டுப் புதிதாக அமைத்தார். தரையில் துள்ளல், நீருக்குள் மூன்று எண்ணிக்கைத் தாளம், நேரம் குறையும்போது விரைவு என்று இசை ஆட்டத்தைப் பின்தொடர்ந்தது. 2023இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் இம்மெட்டைத் தேசிய ஒலிப்பதிவுப் பட்டியலில் சேர்த்தது. அப்பட்டியலில் இடம்பெற்ற முதல் வீடியோ கேம் இசை இதுவே.

நம் வகுப்பறையில்

கொங்குப் பகுதியின் வள்ளி கும்மியிலும் ஒரு மெட்டு பலமுறை திரும்பி வரும். பாட்டும் கைத்தட்டும் கால் அடவும் இணைவதால் சலிப்பு தோன்றுவதில்லை. தொடக்க வகுப்பில், மாணவர் அறிந்த ஒரு கும்மி மெட்டை எடுத்துக்கொள்ளலாம். இரு குழுக்கள் மாறி மாறிப் பாடட்டும். ஒரு குழு சுருதி பிடிக்கட்டும். ஒரு குழு தாளம் தட்டட்டும். நடைக்கு எந்த வேகம், ஓட்டத்துக்கு எந்த வேகம் என்று அவர்களே கண்டறியட்டும்.

உயர்நிலை வகுப்பினர், பள்ளிக் கணினியில் 'ஸ்க்ராட்ச்' இலவச மென்பொருளைப் பயன்படுத்தலாம். அதில் சுர எண்ணை 60இலிருந்து 72ஆக மாற்றினால் அதிர்வெண் இரு மடங்காகும். ஒலிப் பாடத்தில் படித்ததைக் காதால் கேட்டு உணர்வார்கள்.

மெட்டு பொருந்தாதபோது கோண்டோ மாற்றியது மெட்டைத்தான். நாம் தயாரித்துச் சென்ற பாடம் குழந்தைகளின் வேகத்தோடு ஒட்டாத நாளில், மாற்ற வேண்டியது எது என்று நாமும் சற்று எண்ணிப் பார்க்கலாம்.